அலிச்சா: எத்தியோப்பிய நாட்டு ஒருசந்திக் குழம்பு



'உப்பில்லாப் பண்டம் குப்பையிலே' என்பது நம் முன்னோர் பழமொழி. உப்புக்குச் சொன்னதை நாம் காரத்துக்கும் சேர்த்தே கடைப்பிடிக்கிறோம். மிளகாய் சேராத குழம்பைக் 'காய்ச்சல்காரர் சாப்பாடு' என்று ஒதுக்கிவிடுகிறோம். நானும் அப்படி ஒதுக்கியவள்தான். ஆனால் இவ்வாண்டுத் தவக்காலத்தில் ஒரு காரமில்லாக் குழம்பைச் சமைக்கக் கற்றுக்கொண்டேன். அதை எனக்குக் கற்றுத்தந்தவர் என் பாட்டியின் அக்கா. அவர்களை நாங்கள் பெரிய பாட்டி என்று அழைப்போம். பெரிய பாட்டியும் அவர்கள் கணவரும் 1971 முதல் 1976 வரை எத்தியோப்பியா நாட்டின் டெஸ்ஸி என்னும் நகரில் ஆசிரியப் பணி செய்தவர்கள். அந்நாளில் நம் நாட்டிலிருந்து, குறிப்பாகக் கேரளத்திலிருந்தும் தமிழகத்திலிருந்தும், ஆசிரியர்கள் பலர் எத்தியோப்பியப் பள்ளிகளுக்குச் சென்றார்கள்.

இப்போது பெரிய பாட்டிக்கு எண்பது வயது. வயிற்றுப் புண்ணால் காரம் கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். தயிர்ச்சோறும் இட்லியுமே தின்று சலித்துப்போன ஒரு நாளில் அவர்கள், "கண்ணு, அலிச்சா கிடைத்தால் ஒரு வாய் சாப்பிடுவேன்" என்றார்கள். அந்தப் பேச்சிலிருந்து பிறந்ததே இக்கட்டுரை.

எத்தியோப்பியா எங்கே இருக்கிறது?

ஆப்பிரிக்காக் கண்டத்தின் வடகிழக்கில், 'ஆப்பிரிக்காவின் கொம்பு' எனப்படும் பகுதியில் எத்தியோப்பியா அமைந்துள்ளது. ஆப்பிரிக்கா என்றவுடன் பாலைவனமும் காடுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் எத்தியோப்பியாவின் பெரும்பகுதி குளிர்ந்த மேட்டுநிலம். தலைநகரமாகிய அடிஸ் அபாபா கடல்மட்டத்திலிருந்து 2,300 மீட்டருக்கு மேல் உயர்ந்தது. அதாவது நம் உதகமண்டலத்தைவிட உயரம். டெஸ்ஸி நகரோ ஏறக்குறைய 2,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஆகவே நம் நீலகிரியில் விளையும் உருளைக்கிழங்கும் முட்டைக்கோசும் கேரட்டும் அங்கே செழித்து வளர்வதில் வியப்பில்லை. அந்நாட்டில் உருளைக்கிழங்கை 1858-இல் அறிமுகம் செய்தவர் ஷிம்பர் என்னும் ஜெர்மானியத் தாவரவியல் அறிஞர்.

1896-இல் அத்வா என்னுமிடத்தில் இத்தாலியப் படையை முறியடித்துத் தன் விடுதலையைக் காத்துக்கொண்ட பெருமை இந்நாட்டுக்கு உண்டு. அவர்களுடைய அம்ஹாரிக் மொழிக்குச் சொந்த எழுத்து இருக்கிறது. நாம் க, கா, கி என்று எழுதுவதுபோல அவர்களும் ஒவ்வொரு மெய்யெழுத்தையும் ஏழு வடிவங்களில் மாற்றி மாற்றி எழுதுகிறார்கள் என்று பெரிய பாட்டி எழுதிக் காட்டினார்கள்.

கிறிஸ்தவர்களாகிய நமக்கு எத்தியோப்பியா அந்நியமான நாடன்று. அப்போஸ்தலர் பணி நூலின் எட்டாம் அதிகாரத்தில் புனித பிலிப்பு, தேரில் வேதநூலை வாசித்துக்கொண்டு சென்ற ஓர் எத்தியோப்பிய அதிகாரிக்கு ஞானஸ்நானம் கொடுத்த நிகழ்ச்சியை நாம் மறைக்கல்வி வகுப்பில் படித்திருக்கிறோம். நான்காம் நூற்றாண்டில் அக்சும் நாட்டு மன்னர் எசானா கிறிஸ்தவரானார். அந்நாட்டின் முதல் ஆயராகப் புனித புருமென்சியுவை அலெக்சாந்திரியாவின் புனித அத்தனாசியு திருநிலைப்படுத்தினார். இன்று அங்குள்ள கிறிஸ்தவர்களில் மிகப் பலர் எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் திருச்சபையைச் சேர்ந்தவர்கள். சிறு தொகையினரான கத்தோலிக்கரும் இருக்கின்றனர். அங்கே உழைத்த ஆயராகிய ஜஸ்டின் தெ ஜாக்கோபிஸ் 1975-இல் புனிதராக உயர்த்தப்பட்டார்.

ஒருசந்தியும் சுத்தபோசனமும்

ஒருசந்தி, சுத்தபோசனம் என்னும் சொற்களை நம் வீட்டுப் பெரியவர்கள் வாயிலாகக் கேட்டிருப்பீர்கள். ஒருவேளை மட்டும் முழு உணவு உண்பது ஒருசந்தி. இறைச்சியை விலக்குவது சுத்தபோசனம். நமக்கு இன்று கடமையான ஒருசந்தி நாட்கள் சாம்பல் புதனும் பெரிய வெள்ளியும் ஆகிய இரண்டே.

எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் மக்களின் நோன்பைக் கேட்டால் நமக்கு மலைப்பாக இருக்கும். பெரும்பாலான வாரங்களில் புதனும் வெள்ளியும் நோன்பு. அவர்களுடைய தவக்காலம் 55 நாட்கள். வேறு பல நோன்புக் காலங்களையும் கூட்டினால் பொதுமக்களுக்கே ஆண்டில் ஏறக்குறைய 180 நாட்கள் வந்துவிடும். குருக்களுக்கும் துறவியருக்கும் இன்னும் அதிகம். நோன்பு நாளில் இறைச்சி மட்டுமல்ல, முட்டை, பால், தயிர், வெண்ணெய், நெய் யாவும் விலக்கு. பிற்பகல் மூன்று மணி வரை ஒன்றும் உண்ணாமல் இருப்போரும் பலர்.

ஆண்டில் பாதி நாள் இவ்வாறு கழியுமானால் வீட்டுப் பெண்கள் என்ன சமைப்பார்கள்? இந்தக் கேள்வியிலிருந்துதான் எத்தியோப்பியாவின் காய்கறிச் சமையல் வளர்ந்தது. பருப்பு, கீரை, கிழங்கு, கோஸ் இவற்றைக் கொண்டே பலவகைக் குழம்புகளை அவர்கள் கண்டுபிடித்தார்கள். வயிற்றை ஒறுக்க வந்த நோன்பு சமையற்கலையை வளர்த்துவிட்டது.

வத்தும் அலிச்சாவும்

எத்தியோப்பியர் குழம்பைப் பொதுவாக 'வத்' என்பர். சிவந்த மிளகாயுடன் பல மசாலைப் பொருட்களைச் சேர்த்து இடித்த 'பெர்பெரே' என்னும் தூளைப் போட்டுச் செய்தால் அது நெருப்பாய்க் காரமாக இருக்கும். ஆந்திரச் சமையலே தோற்றுவிடும் என்கிறார்கள் பெரிய பாட்டி. பெர்பெரே போடாமல் மஞ்சள் மட்டும் சேர்த்துச் செய்தால் அது 'அலிச்சா'. காரமில்லாதது, மிதமானது என்று பொருள். பருப்பிலும் அலிச்சா உண்டு, இறைச்சியிலும் உண்டு. நான் கற்றது முட்டைக்கோசு, கேரட், உருளைக்கிழங்கு சேர்ந்த காய்கறி அலிச்சா. விருந்து நாட்களில் இதற்கு மசாலை சேர்த்து உருக்கிய 'நித்தர் கிப்பே' என்னும் நெய்யை ஊற்றுவர். நோன்பு நாளில் எண்ணெய் மட்டுமே. 'நூக்' என்னும் சிறு கரு விதையின் எண்ணெயே அவர்களுடைய பழைய எண்ணெய். நாம் பேயெள் என்று சொல்வது இந்த விதையைத்தான். ஒடிசா போன்ற மாநிலங்களின் மலைப்பகுதிகளில் பழங்குடி மக்கள் இதைப் பயிரிடுகிறார்கள்.

தேவையான பொருட்கள் (ஆறு பேருக்கு)

பெரிய வெங்காயம் – 300 கிராம்
முட்டைக்கோசு – 500 கிராம்
உருளைக்கிழங்கு – 400 கிராம்
கேரட் – 250 கிராம்
பூண்டு – 6 பல்
இஞ்சி – ஓர் அங்குலத் துண்டு
மஞ்சள்தூள் – 1 தேக்கரண்டி
பச்சை மிளகாய் – 2 (விருப்பமானால்)
எண்ணெய் – 4 மேசைக்கரண்டி
உப்பு – ஒன்றரைத் தேக்கரண்டி
தண்ணீர் – ஒன்றரை டம்ளர் (300 மில்லி)

பேயெள் எண்ணெய் நமக்கு எளிதில் கிடைக்காது. கடலை எண்ணெயே போதும். தேங்காய் எண்ணெய் வேண்டாம். அதன் மணம் இந்தக் குழம்புக்கு ஒவ்வாது.

செய்முறை

1. வெங்காயத்தை மிகப் பொடியாக அரியவேண்டும். கேரட்டை விரல் கனத்தில் நீளத்துண்டுகளாக நறுக்கவும். உருளைக்கிழங்கைத் தோல்சீவி, ஒரு கிழங்கை நான்காகவோ ஆறாகவோ பிளந்து தண்ணீரில் போட்டு வைக்கவும். கோசைப் பொரியலுக்குப்போல் பொடியாக அரியாமல், இரண்டு அங்குல அகலமுள்ள துண்டுகளாக வெட்டவும். இஞ்சியையும் பூண்டையும் நசுக்கிக்கொள்ளவும்.

2. அடிகனமான பாத்திரத்தை அடுப்பில் ஏற்றி, எண்ணெய் ஊற்றாமல் வெங்காயத்தை மட்டும் போடவும். தீ சிறிதாக இருக்கட்டும். கைவிடாமல் கிளறவேண்டும். பத்துப் பன்னிரண்டு நிமிடங்களில் வெங்காயம் தன் நீரிலேயே வெந்து குழைந்து கண்ணாடிபோல் ஆகும். அடிப்பிடிப்பதுபோல் தோன்றினால் ஒரு கரண்டித் தண்ணீர் தெளிக்கலாம். நிறம் மாறிச் சிவக்க விடக்கூடாது.

3. இப்போது எண்ணெய் ஊற்றி ஐந்து நிமிடங்கள் வதக்கவும். இஞ்சி, பூண்டு சேர்த்துப் பச்சை வாசனை போகும்வரை கிளறவும். பிறகு மஞ்சள்தூளைப் போட்டு ஒரு நிமிடம் எண்ணெயில் புரட்டவும்.

4. கேரட்டையும் உப்பையும் போட்டுத் தண்ணீர் ஊற்றி மூடி எட்டு நிமிடங்கள் வேகவிடவும். அடுத்து உருளைக்கிழங்கைச் சேர்த்து மூடிப் பத்து நிமிடங்கள் வேகவிடவும்.

5. கடைசியாகக் கோசை மேலாகப் பரப்பி மூடவும். கோசு தண்ணீர் விடும் காயாதலால் மேலும் நீர் ஊற்றவேண்டாம். ஐந்து நிமிடம் கழித்து மெதுவாகப் புரட்டிவிட்டு, இன்னும் ஏழு நிமிடங்கள் வேகவிடவும்.

6. பச்சை மிளகாயை நீளவாக்கில் கீறி, உள்ளிருக்கும் வெண்ணிறத் தசையையும் விதையையும் நீக்கிவிட்டுக் குழம்பின்மேல் வைத்து, அடுப்பை அணைத்து மூடவும். பத்து நிமிடம் கழித்துப் பரிமாறலாம். கிழங்கு உடையாமலும் அதே வேளையில் விரலால் அழுத்தினால் மசிவதாகவும் இருக்கவேண்டும். குழம்பு நம் கூட்டைப்போல் கெட்டியாக இருக்கும்.

நான் செய்த தவறுகள்

முதல் தடவை பொறுமையின்றித் தீயைப் பெரிதாக வைத்தேன். பாத்திரமும் மெல்லிய அலுமினியப் பாத்திரம். வெங்காயம் ஒருபுறம் கருகி மறுபுறம் பச்சையாக நின்றது. குழம்பு முழுவதும் கசந்துபோயிற்று. பெரிய பாட்டி ஒரு வாய் வைத்துவிட்டு, "பரவாயில்லை, தீயை மட்டும் குறை" என்றார்கள். அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. மீதியை எவரும் தொடவில்லை.

இரண்டாம் தடவை வெங்காயம் நன்றாக வந்தது. ஆனால் என் கை சும்மா இருக்கவில்லை. வழக்கப்படி கடுகும் கறிவேப்பிலையும் தாளித்துக் கொட்டினேன். கொஞ்சம் மிளகாய்த்தூளும் தூவினேன். வீட்டில் எல்லாரும் ருசித்துச் சாப்பிட்டார்கள். பெரிய பாட்டி மட்டும் சிரித்துக்கொண்டே, "இது நல்ல கோசுக்கூட்டு. அலிச்சா எங்கே?" என்று கேட்டார்கள். அந்தக் காரத்தை அவர்களால் உண்ணவும் முடியவில்லை. யாருக்காகச் சமைக்கத் தொடங்கினேனோ அவர்களே அன்று தயிர்ச்சோறு சாப்பிட்டார்கள். எனக்குப் பெரிதும் வெட்கமாக இருந்தது. பிறருடைய சமையலைக் கற்க வேண்டுமானால் முதலில் நம் கைப்பழக்கத்தை அடக்கவேண்டும் என்பதை அன்று அறிந்தேன்.

மூன்றாம் தடவைதான் தேறினேன்.

இதில் அடங்கியுள்ள அறிவியல்

எண்ணெயின்றி வெங்காயத்தை வதக்குவது ஏன் என்று நான் கேட்டேன். வெங்காயத்தின் எடையில் பத்தில் ஒன்பது பங்கு ஏறக்குறைய நீரே. சிறு தீயில் வெங்காயத்தின் செல்சுவர்கள் தளர்ந்து அந்த நீர் வெளிப்படுகிறது. அந்த நீரிலேயே வெங்காயம் வேகிறது. நீர் இருக்கும்வரை வெப்பநிலை 100 டிகிரி செல்சியசுக்குமேல் ஏறாதாகையால் அது கருகுவதில்லை. நன்கு குழைந்த வெங்காயமே குழம்புக்குக் கெட்டித்தன்மையைக் கொடுக்கிறது. நாம் தேங்காயையும் பருப்பையும் அரைத்துவிட்டுப் பெறும் கெட்டியை அவர்கள் வெங்காயத்தாலும் பொறுமையாலும் பெறுகிறார்கள்.

மஞ்சளை ஏன் எண்ணெயில் போடவேண்டும்? மஞ்சளின் நிறத்துக்குக் காரணமான குர்குமின் என்னும் பொருள் நீரில் கரைவது அரிது. கொழுப்பில் எளிதில் கரையும். எண்ணெயில் புரட்டினால் நிறம் காய்முழுவதும் சீராகப் பரவும்.

மிளகாயின் காரம் விதையில் இருப்பதாகவே நாம் எண்ணுகிறோம். உண்மையில் காப்சைசின் என்னும் காரப்பொருள் விதைகள் ஒட்டிக்கொண்டிருக்கும் வெண்ணிறத் தசையிலேதான் உண்டாகிறது. அதை நீக்கினால் மிளகாயின் மணம் மட்டும் தங்கும்.

இன்னொரு செய்தி. அம்ஹாரிக் மொழியில் மஞ்சளுக்கு 'இர்த்' என்று பெயர். மஞ்சள் செடியோ நம் தெற்காசியாவுக்கு உரியது. செங்கடல் ஓரத்திலிருந்த அதூலிஸ் துறைமுகத்தையும், முசிறி முதலிய நம் மேற்குக்கரைத் துறைமுகங்களையும் ஒரே நூலில் குறிப்பிடுகிறது, முதலாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட 'எரித்திரேயக் கடற்பயணம்'. இரு நாடுகளுக்கும் இடையே கப்பல்கள் சென்றுவந்த காலம் அவ்வளவு பழையது.

எதனுடன் உண்பது?

எத்தியோப்பியர் அலிச்சாவை 'இஞ்சரா'வுடன் உண்பர். 'தெஃப்' என்னும் தானியத்தை மாவாக்கிக் கரைத்து, இரண்டு மூன்று நாட்கள் புளிக்கவைத்து, அகன்ற மண்கல்லில் வட்டமாக ஊற்றி மூடி, ஒருபுறம் மட்டும் வேகவைப்பதே இஞ்சரா. அதன் மேற்புறம் முழுதும் நம் ஆப்பத்தில் இருப்பதுபோல் துளைகள் இருக்கும். தெஃப் மிகச் சிறிய தானியம். ஆயிரம் மணிகளைச் சேர்த்து நிறுத்தாலும் அரை கிராம் தேறாது.

தெஃப் மாவுக்கு நாம் எங்கே போவது? பெரிய பாட்டி அதற்கும் வழி சொன்னார்கள். "கேழ்வரகு தோசை சுட்டுக்கொள். அதுவும் அந்த ஊர் தானியந்தான்" என்றார்கள். நான் நம்பவில்லை. நம் கிராமத்துக் கூழ் எப்படி அந்நிய நாட்டுத் தானியமாகும்? புத்தகத்தில் தேடிப் பார்த்தபோது அது உண்மையென்று தெரிந்தது. கேழ்வரகின் தாயகம் எத்தியோப்பியா, உகாண்டா முதலிய கிழக்காப்பிரிக்க மேட்டுநிலங்களே. பல ஆயிரம் ஆண்டுகளுக்குமுன் அது இந்தியாவுக்கு வந்தது. எத்தியோப்பியாவில் இன்றும் அதை 'தகுசா' என்ற பெயரில் பயிரிடுகிறார்கள். நம் மஞ்சள் அங்கே போயிருக்கிறது. அவர்களுடைய கேழ்வரகு இங்கே வந்திருக்கிறது. எங்கள் தட்டில் இரண்டும் சேர்ந்தன.

கேழ்வரகு மாவு இரண்டு பங்கு, அரைத்த உளுந்துமாவு ஒரு பங்கு கலந்து, உப்பிட்டு இரவெல்லாம் புளிக்கவைத்து, கல்லில் சற்றுக் கனமாக ஊற்றி, திருப்பிப்போடாமல் மூடி வேகவிட்டால் நன்றாக இருக்கும். சோற்றுடனும் அலிச்சா ஒத்துப்போகும்.

ஒரே தட்டு

எத்தியோப்பிய வீட்டில் ஆளுக்கொரு தட்டு வைப்பதில்லை. பெரிய வட்டத்தட்டில் இஞ்சராவை விரித்து, அதன்மேல் குழம்புகளைக் குவித்து வைப்பர். கைகழுவிவிட்டு எல்லாரும் சுற்றியமர்ந்து, வலக்கையால் இஞ்சராவைக் கிள்ளிக் குழம்பைச் சுருட்டி உண்பர். அன்புக்குரியவரின் வாயில் தன் கையால் ஒரு கவளம் ஊட்டுவதை 'குர்ஷா' என்பர். விருந்தினரும் குர்ஷாவுக்குத் தப்பமுடியாது.

இதில் ஒரு சிக்கலும் உண்டு. அந்நாட்டில் கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் அடுத்தடுத்த வீடுகளில் வாழ்கிறார்கள். ஆனால் கிறிஸ்தவர் அறுத்த இறைச்சியை முஸ்லிம்கள் உண்ணமாட்டார்கள். முஸ்லிம்கள் அறுத்ததைக் கிறிஸ்தவர் உண்ணமாட்டார்கள். இது பழைய வழக்கம். திருமண வீட்டில்கூட இரு சாராருக்கும் தனித்தனியே அறுப்பர். ஆனால் நோன்பு உணவுக்கு இந்த வேற்றுமை இல்லை. காயும் பருப்பும் எல்லாருக்கும் பொது.

நோன்பும் பஞ்சமும்

டெஸ்ஸி நகரம் வொல்லோ மாநிலத்தில் இருந்தது. 1972-இலும் 1973-இலும் அம்மாநிலத்தில் மழை பொய்த்துக் கடும்பஞ்சம் உண்டாயிற்று. ஆயிரக்கணக்கான மக்கள் பெருஞ்சாலை ஓரங்களுக்கு வந்து, போகிற வண்டிகளை நிறுத்திக் கையேந்தினார்கள். அரசாங்கம் செய்தியை வெளியே தெரியாமல் மறைத்தது. 1973 அக்டோபரில் பிரிட்டிஷ் தொலைக்காட்சி காட்டிய பிறகே உலகம் அறிந்தது. மறு ஆண்டு செப்டம்பரில் பேரரசர் ஹெய்லி செலாசி பதவியிழந்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

1998-இல் நோபல் பரிசு பெற்ற நம் நாட்டுப் பொருளியல் அறிஞர் அமர்த்தியா சென் இப்பஞ்சத்தைப்பற்றி 1981-இல் வெளியான தம் நூலில் ஆராய்ந்திருக்கிறார். டெஸ்ஸி நகரச் சந்தையில் அப்போது தானிய விலை பெரிதாக ஏறவில்லை என்றும், வொல்லோவிலிருந்து தானியம் வெளியூருக்குப் போய்க்கொண்டுதான் இருந்தது என்றும் அவர் எடுத்துக்காட்டுகிறார். நாட்டில் உணவு இருந்தது. வாங்கக் காசுதான் மக்களிடம் இல்லை. விளைச்சலும் கால்நடையும் போனவர்களுக்குக் கடைத்தெருவில் மூட்டை அடுக்கியிருந்தும் பயனில்லை. இப்பாடத்தைப் படித்தபோது பெரிய பாட்டி சொன்ன ஒரு நிகழ்ச்சியின் பொருள் எனக்கு விளங்கியது. அதை அவர்கள் சொன்னபடியே எழுதுகிறேன்.

"எங்கள் பக்கத்து வீட்டில் வயதான அம்மாள் ஒருவர் இருந்தார். எமாமா என்று கூப்பிடுவோம். அந்த ஊரில் வயதான பெண்களை அப்படித்தான் மரியாதையாக அழைப்பார்கள். ஒரு புதன்கிழமை மூன்று மணி இருக்கும். எமாமா காலையிலிருந்து தண்ணீர்கூடக் குடிக்காமல் நோன்பு இருந்து, அப்போதுதான் அலிச்சாவை இறக்கி வைத்திருந்தார். பள்ளத்தாக்கிலிருந்து நடந்து வந்த ஒருத்தி இரண்டு பிள்ளைகளோடு முதலில் என் வீட்டு வாசலில் நின்றாள். நான் சன்னல் வழியாகப் பார்த்தேன். ஒருவருக்குக் கொடுத்தால் நூறு பேர் வருவார்கள் என்று எல்லாரும் பேசிக்கொண்ட நாள் அது. நான் கதவைத் திறக்கவில்லை. அவள் எமாமா வீட்டுக்குப் போனாள். முஸ்லிம் பெண் அவள். 'இது நோன்புச் சாப்பாடா?' என்று மட்டும் கேட்டாள். 'ஆமாம், உட்கார்' என்றார் எமாமா. அந்தத் தட்டையே நடுவில் வைத்து, சின்னப் பிள்ளைக்கு முதல் வாய் ஊட்டினார். கொஞ்சங்கொஞ்சமாகத்தான் கொடுத்தார். பட்டினி கிடந்த வயிறு காரத்தையும் தாங்காது, நிறையவும் தாங்காது என்று அவருக்குத் தெரியும். என் வீட்டில் அன்றைக்கு அரை மூட்டை அரிசி இருந்தது."

இவ்வளவு சொல்லிவிட்டுப் பெரிய பாட்டி சற்றுநேரம் பேசவில்லை. பிறகு, "அலிச்சா சாப்பிட வேண்டும் என்று நான் கேட்டது நாக்குக்காக மட்டும் இல்லை, கண்ணு" என்றார்கள்.

அதே வொல்லோவிலும் திக்ராயிலும் 1984-85-இல் போரும் வறட்சியும் சேர்ந்து இன்னும் பெரிய பஞ்சத்தை உண்டாக்கின. அப்போது நம் அன்னை தெரேசா அங்கே நேரில் சென்று, தம் சகோதரிகளுடன் பசித்தோருக்குப் பணி செய்தார்கள். நோன்பு என்பது நாமே விரும்பி ஏற்பது. மாலையில் உணவு உண்டு என்ற நம்பிக்கையோடு இருப்பது. பஞ்சம் அப்படியன்று. அங்கே மாலை வரும், உணவு வராது. தானே பசித்திருந்ததால்தான் எமாமாவுக்கு மற்றவரின் பசி தெரிந்தது என்று நான் எண்ணுகிறேன்.

எங்கள் வீட்டில் நடந்தது

நான் மூன்றாம் தடவை அலிச்சா செய்தது தவக்காலத்து வெள்ளிக்கிழமை ஒன்றில். பெரிய தாம்பாளத்தில் வாழையிலை விரித்து, கேழ்வரகு தோசைகளைப் பரப்பி, நடுவில் அலிச்சாவை வைத்தேன். எல்லாரும் சுற்றி அமர்ந்தோம். எங்கள் வீட்டில் பாத்திரம் துலக்க வரும் அக்கா அப்போது பின்கட்டில் இருந்தார்கள். பல ஆண்டுகளாக எங்கள் வீட்டில் உழைப்பவர்கள். அவர்களுக்கென்று தனித்தட்டும் தனி டம்ளரும் பின்கட்டு மாடத்தில் கவிழ்த்து வைத்திருக்கும். அது ஏன் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை.

பெரிய பாட்டி, "அவளையும் கூப்பிடு. அலிச்சாவைத் தனியாக யாரும் சாப்பிடுவதில்லை" என்றார்கள். அம்மா ஒரு கணம் தயங்கினார்கள். அந்த அக்காவும் "வேண்டாம்மா, நான் அப்புறம் சாப்பிட்டுக்கிறேன்" என்று தயங்கினார்கள். பிறகு அம்மாவே சற்று நகர்ந்து தம் பக்கத்தில் இடம் விட்டார்கள். அக்கா வந்து உட்கார்ந்தார்கள். பெரிய பாட்டி நடுங்கும் கையால் முதல் கவளத்தைச் சுருட்டி அவர்கள் வாயில் ஊட்டினார்கள். இரண்டாவது கவளம் எனக்குக் கிடைத்தது. அதில் காரமில்லை. இருந்தும் எனக்குக் கண்ணில் நீர் வந்தது.

பெரிய பாட்டி அன்று இரண்டு தோசை சாப்பிட்டார்கள். "தேறிவிட்டாய்" என்றார்கள். அந்தத் தனித்தட்டு இப்போது மற்றத் தட்டுகளோடு சமையலறை அலமாரியில் இருக்கிறது.

தோழியரே, எளிய காய்கள் மூன்றும் ஒரு சிட்டிகைப் பொறுமையும் இருந்தால் அலிச்சாவை எவரும் செய்யலாம். குழந்தைக்கும் கொடுக்கலாம், நோயாளிக்கும் கொடுக்கலாம். கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் இதை மறுக்க வேண்டியதில்லை. வரும் தவக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமையேனும் செய்து பாருங்கள். செய்தபின் தனித்தனித் தட்டுகளில் பரிமாறாமல் ஒரே தட்டில் வையுங்கள். வைத்துவிட்டு, வீட்டில் இன்னும் யார் உட்காரவில்லை என்று ஒருமுறை சுற்றிப் பாருங்கள்.

பத்தாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி